டோனி விருதும் நாடகப் பாகுபாடும்

நாடகம் என்னும் சொல் இருபொருள் தருவது. ஏட்டில் எழுதப்பெற்றுக் கற்பார் கையில் நிற்கும் நூலையும் அது குறிக்கும்; அரங்கில் ஆடப்பெற்றுத் திரை வீழ்ந்ததும் மறையும் ஆட்டத்தையும் அதுவே குறிக்கும். இவ்விரண்டும் வேறுவேறு என்பதனை யாவரும் அறிவர். அறிந்தும், ஒன்றற்குரிய அளவுகோலை மற்றொன்றன்மேல் வைத்து அளக்கும் பிழை நாடகத் திறனாய்வில் ஓயாது நிகழ்கின்றது. அப்பிழை நிகழும் இடங்களுள் ஒன்றனை ஈண்டு ஆராய்வோம். அமெரிக்க நாட்டு நியூயார்க் நகரில் மேடை நாடகங்களுக்கும் இசைநாடகங்களுக்கும் ஆண்டுதோறும் வழங்கப்பெறும் டோனி விருதே யாம் எடுத்துக்கொண்ட பொருள்.

இவ்வாராய்ச்சிக்குத் தேவை யாது எனின், கூறுதும். இக்கால உலக நாடகங்களைப் பற்றி நம்மவர் எழுதும் ஒப்பியல் ஆய்வேடுகளில், ஒரு நாடகத்தின் பெயரை அடுத்து 'டோனி விருது பெற்றது' என்னும் தொடர் அடைமொழிபோல் வந்து நிற்கக் காண்கின்றோம். அத்தொடரை எழுதிய பின்னர், அந்நூலின் சிறப்புக்கு வேறு சான்று வேண்டுவதில்லை என ஆய்வாளர் அமைந்துவிடுகின்றார். விருது எதற்கு வழங்கப்பட்டது, வழங்கினோர் யாவர், எவற்றோடு வைத்து ஒப்பிட்டனர் என்னும் வினாக்கள் எழுவதேயில்லை. இவ்விருது அரங்கேற்றத்தை மதிப்பது என்பதும், அவ்வளவில் அதன் பாகுபாடுகள் கற்றோர் கருதத்தக்க நுட்பம் உடையன என்பதும், நூலைப்பற்றித் தீர்ப்புக் கூறப் புகுமிடத்து அப்பாகுபாடுகள் இடறுகின்றன என்பதும் எம் கருத்து. மூன்றாவதனை நிறுவுதலே ஈண்டு முதன்மை.

விருதின் வரலாற்றைச் சுருங்கக் கூறி மேற்செல்வோம். 'டோனி' என்பது அந்துவானெட் பெர்ரி என்னும் அம்மையாரின் செல்லப்பெயர். 1888இல் பிறந்த இவர் நடிகையாய்த் தொடங்கி, இயக்குநராகவும் தயாரிப்பாளராகவும் விளங்கியவர். மேரி சேஸ் இயற்றிய 'ஹார்வி' என்னும் நகைச்சுவை நாடகத்தை 1944இல் மேடைக்குக் கொணர்ந்த இயக்குநர் இவரே. இரண்டாம் உலகப் போர்க் காலத்தில், 'அமெரிக்கன் தியேட்டர் விங்' என்னும் நாடகக் கலைஞர் அமைப்பின் வாயிலாகப் படைவீரர்க்கு ஆற்றிய தொண்டில் முன்னின்றார். 1946 ஜூன் மாதத்தில் இவர் மறைந்தார். அடுத்த ஆண்டு ஏப்ரல் 6ஆம் நாள், நியூயார்க் வால்டார்ஃப் அஸ்டோரியா விடுதியில், இவர் நினைவாக முதல் விழா நடந்தது. முதல் இரண்டு விழாக்களிலும் இன்றுள்ள பதக்கம் இல்லை. பாராட்டிதழும் சிறுசிறு அணிப்பொருள்களுமே வழங்கினர். ஒருபுறம் அழுகை முகமூடியும் நகை முகமூடியும், மறுபுறம் அம்மையாரின் பக்கத் தோற்றமும் பொறித்த பதக்கம் 1949இல் வந்தது. 1956வரை வென்றோர் பெயரை மட்டுமே அறிவித்தனர். போட்டியில் நின்றோர் பட்டியலை வெளியிடும் வழக்கம் அவ்வாண்டில்தான் தொடங்கியது. 1967 முதல் விழா நாடு முழுதும் தொலைக்காட்சியில் காட்டப்படலாயிற்று. தோழமை விருந்தாகத் தொடங்கியது இருபது ஆண்டுகளுள் பொதுக்காட்சியாக மாறியது.

ஆடலுக்குப் பட்டம் வழங்குதல் தமிழறிந்தார்க்குப் புதுவது அன்று. மாதவி தலைக்கோல் பெற்றதனை அரங்கேற்று காதை விரிவாகப் பேசும். அக்காதையின் அமைப்பு ஈண்டு நினைக்கத்தக்கது. ஆடியவளின் சிறப்பை மட்டும் கூறி அமையாமல், ஆடலாசிரியன், இசையாசிரியன், பாட்டியற்றும் புலவன், தண்ணுமையோன், குழலோன், யாழோன் என ஒவ்வொருவரையும் தனித்தனியே நிறுத்தி, அவரவர்க்கு வேண்டும் தகுதி இன்னது என்று இளங்கோவடிகள் வரையறுக்கின்றார். அரங்கின் அளவையும் கூறாது விட்டிலர். அரங்கேற்றம் பலர் திறன் கூடியது. அத்திறன்களைப் பிரித்து உணர்ந்தாலன்றி முழுமையை மதிப்பிடல் இயலாது என்னும் தெளிவு அதன்கண் உண்டு. டோனி விருதின் 26 பிரிவுகளும் ஏறத்தாழ இத்தெளிவின்வழி அமைந்தனவே. நடிப்பு, இயக்கம், நடன அமைப்பு, அரங்க அமைப்பு, உடை, ஒளி, ஒலி, பல்லியக் கோப்பு எனத் தொழில்தோறும் ஒரு பரிசு உண்டு. அவற்றுட் பலவற்றை உரைநாடகத்திற்கு ஒன்றும் இசைநாடகத்திற்கு ஒன்றுமாக இரட்டித்துள்ளனர். இப்பாகுபாடு ஒரு செயல்முறை இலக்கணம் எனலாம். எழுதிவைத்த கொள்கை நூலில் பிறந்ததன்று. ஆண்டுதோறும் எழுந்த வழக்குகளைத் தீர்த்துத் தீர்த்து உருவானது. ஆகவே அதன் விதிகளைக் காட்டிலும், விதி திணறிய இடங்களே ஆராய்ச்சிக்குப் பெரிதும் பயன்படும்.

எல்லை

முதற்கண் எல்லையை நோக்குவோம். அமெரிக்காவில் ஆடப்படும் நாடகங்கள் எல்லாம் இவ்விருதிற்கு உரியன அல்ல. பிராட்வே அரங்குகள் எனக் குறிக்கப்பெற்ற 41 அரங்குகளுள் ஒன்றில் ஆடப்படுவதே போட்டிக்கு உரியது. அத்தகைய அரங்கு குறைந்தது 500 இருக்கைகள் உடையதாதல் வேண்டும். பிராட்வே என்பது தெருப்பெயர் ஆயினும் ஈண்டு அது தெருவைக் குறித்ததன்று. பெரும்பாலான அரங்குகள் அத்தெருவை வெட்டிச்செல்லும் குறுக்குத் தெருக்களில் உள்ளன. அவற்றுள் ஒன்றாகிய விவியன் போமாண்ட் அரங்கு, நாடக வட்டாரத்தினின்று விலகி வடக்கே லிங்கன் மையத்தில் இருக்கின்றது. ஆகவே 'பிராட்வே' என்பது இடவாகுபெயராய்த் தோன்றி, இருக்கை எண்ணிக்கையையும் வணிக ஒப்பந்தத்தையும் சுட்டும் குறியீடாய் முடிந்தது.

இவ்வெல்லையின் இயல்பை ஓர் எடுத்துக்காட்டு நன்கு விளக்கும். சூசன் ஸ்ட்ரோமன் இயக்கி நடனம் அமைத்த 'காண்டாக்ட்' என்னும் படைப்பு, 1999இல் லிங்கன் மையத்தின் மிட்சி நியூஹவுஸ் அரங்கில் ஆடப்பட்டது. அது 299 இருக்கைகள் கொண்ட சிற்றரங்கு. எனவே டோனிக்கு அப்பாற்பட்டது. 2000ஆம் ஆண்டில் அப்படைப்பு அதே கட்டடத்தின் மேற்பகுதியில் உள்ள போமாண்ட் அரங்கிற்கு மாறியது. மாறியதும் உரிமை பெற்றது. அவ்வாண்டின் சிறந்த இசைநாடகம் என்னும் பரிசினையும் பெற்றது. ஆட்டம் அதுவே, ஆடினோர் ஏறினது மாடிப்படி ஒன்றே.

'காண்டாக்ட்' எழுப்பிய வழக்கு இதனோடு முடியவில்லை. மூன்று நடனக்கதைகளால் ஆகிய அதன்கண் ஆடுவோர் பாடுவதில்லை. இசை முன்பே பதிவு செய்யப்பட்டது; அரங்கில் இசைப்போர் இலர்; அதற்கெனப் புதிதாய் இயற்றிய பாடல்களும் இல. பாட்டும் இல்லை, உயிருள்ள இசையும் இல்லை எனின் அஃது இசைநாடகம் ஆவது எங்ஙனம் என்று பலர் வினவினர். அவ்வாண்டின் முடிவுகளை ஒருங்கு வைத்துக் காண்பார்க்கு அவ்வினாவின் வலிமை விளங்கும். இசைநாடகத்தின் கதையுரைக்கு உரிய பரிசு, ஜேம்ஸ் ஜாய்ஸின் சிறுகதையைத் தழுவிய 'தி டெட்' என்னும் படைப்பிற்குச் சென்றது. இசைக்கும் பாட்டுக்கும் உரிய பரிசு 'ஐடா'வுக்குச் சென்றது. அந்த 'ஐடா' சிறந்த இசைநாடகப் போட்டியின் இறுதிப்பட்டியலிலேயே இடம்பெறவில்லை. சிறந்த இசைநாடகம் 'காண்டாக்ட்'. இயல் ஓரிடத்தும், இசை ஓரிடத்தும், அவ்விரண்டின் கூட்டமாகிய நாடகம் வேறோரிடத்தும் நின்றன.

இதனைத் தேர்வாளரின் குழப்பம் எனக் கூறி இகழ்வாரும் உளர். யாம் அங்ஙனம் கருதவில்லை. முத்தமிழ் என்னும் பாகுபாட்டில் பழகிய நமக்கு இதன் உண்மை எளிதிற் புலனாகும். நாடகத்தமிழ் என்பது இயலையும் இசையையும் கூட்டிப் பெறும் தொகை அன்று. மெய்ப்பாட்டாலும் அவிநயத்தாலும் ஆகிய தனியுறுப்பு உடையது. சொல்லும் பாட்டும் இன்றி, உடலின் அசைவினாலேயே கதை நிகழ்த்திய ஒன்றனை நியூயார்க் வாக்காளர் நாடகம் என உணர்ந்து வாக்களித்தனர். உணர்வு சரியே, அவ்வுணர்வை வைத்தற்கு அவர்தம் பாகுபாட்டில் இடம் இல்லாது போயிற்று. பின்னர்ச் 'சிறப்பு அரங்க நிகழ்ச்சி' எனப் புதுப்பிரிவு ஒன்றனை வகுத்து 2001 முதல் 2009வரை வைத்திருந்தனர். பிறகு அதனையும் நீக்கினர்.

இதற்கு மறுதலையான நிகழ்ச்சி ஒன்றும் உண்டு. 2019-20ஆம் ஆண்டுப் பருவம் பெருந்தொற்றால் இடையே நின்றது. அதற்குரிய விழா 2021 செப்டம்பர் 26ஆம் நாள்தான் நடந்தது. அப்போது சிறந்த இசைநாடகப் பட்டியலில் நின்ற மூன்றும் முன்பே புகழ்பெற்ற பாடல்களைக் கோத்து அமைத்தவை. புதிதாய் இயற்றிய இசைக்குரிய பட்டியலில் நின்ற ஐந்துமோ உரைநாடகங்கள்! டிக்கன்ஸின் கதையைத் தழுவிய 'எ கிறிஸ்துமஸ் கேரல்' அப்பரிசைப் பெற்றது. இசைநாடகத்தில் புதிய இசை இல்லை, உரைநாடகத்தில் உண்டு என்னும் நிலையில், இரண்டன் பெயரும் எதனைக் குறிக்கின்றன என்பது ஆராயத்தக்கது. அதே விழாவில் இசைநாடகத் தலைமை நடிகர்க்குரிய பட்டியலில் ஒருவர் பெயரே இருந்தது. நடிகர், நடிகை என நடிப்பைப் பாலால் பகுக்கும் முறையும் இன்று வினாவுக்கு உள்ளாகியிருக்கின்றது. இருபாலுள் ஒன்றிலும் தம்மை அடக்கிக்கொள்ளாத கலைஞர் இருவர் 2023இல் நடிப்புப் பரிசு பெற்றனர். அது தனியே எழுதத்தக்க பொருள்.

புதியதும் பழையதும்

இனி, எம் கருத்தின் மையத்திற்கு வருவோம். டோனி விருது நாடகங்களைப் புதியன என்றும் மீட்டரங்கேற்றம் என்றும் இரண்டாகப் பகுக்கின்றது. புதிய நாடகத்திற்கு உரிய பரிசில் ஆசிரியர்க்குப் பங்கு உண்டு. மீட்டரங்கேற்றப் பரிசோ நெடுங்காலம் தயாரிப்பாளர்க்கே உரியதாய் இருந்து வந்தது. ஆகவே புதியது, பழையது என்னும் தீர்ப்பு ஆசிரியனைப் பரிசுக்கு உரியவன் ஆக்குவதோ அல்லாதவன் ஆக்குவதோ ஆகும். இத்தீர்ப்பு எவ்வாறு செய்யப்படுகின்றது?

யூஜின் ஓநீல் 1953இல் இறந்தார். தம் குடும்பத் துயரை அவர் 1941 அளவில் எழுதி முடித்த 'லாங் டேஸ் ஜர்னி இன்டு நைட்' என்னும் நாடகம், அவர் இறந்தபின் 1956 பிப்ரவரியில் சுவீடன் நாட்டு ஸ்டாக்ஹோம் நகரில் முதலில் ஆடப்பட்டது. அவ்வாண்டு நவம்பரில் பிராட்வேக்கு வந்தது; 1957இல் சிறந்த நாடகம் என்னும் டோனி விருதைப் பெற்றது. டென்னசி வில்லியம்ஸ் 1938இல் எழுதிய 'நாட் அபௌட் நைட்டிங்கேல்ஸ்' என்னும் சிறைக்கூட நாடகம் அறுபது ஆண்டுகள் ஆடப்படாமல் கிடந்து, 1998இல் இலண்டனிலும் 1999இல் நியூயார்க்கிலும் ஆடப்பட்டது. அது 1999இன் புதிய நாடகங்களுள் ஒன்றாகப் பட்டியலில் நின்றது. எழுதிய காலம் புதுமையைத் தீர்மானிப்பதில்லை, வேற்றுநாட்டில் முன்பே ஆடப்பட்டதும் தடையில்லை என்பன இவற்றால் பெறப்படும்.

ஆகஸ்ட் வில்சனின் 'ஜிட்னி'யை இவற்றோடு வைத்துக் காண்க. வில்சன், இருபதாம் நூற்றாண்டின் ஒவ்வொரு பத்தாண்டுக்கும் ஒன்றாகக் கறுப்பின மக்களின் வாழ்வைப் பத்து நாடகங்களில் எழுதியவர். பத்தனுள் முதலில் எழுதப்பட்டது 'ஜிட்னி', எழுதியது 1979இல். பிட்ஸ்பர்க் நகரின் ஹில் பகுதியில், உரிமம் இல்லாத வாடகைக் கார்களை ஓட்டிப் பிழைப்போர் கூடும் சிறு நிலையமே அதன் களம். உரிமம் பெற்ற வண்டிகள் அப்பகுதிக்குள் வர மறுத்தமையால் தோன்றிய தொழில் அது. நகராட்சி அந்நிலையத்தை இடிக்க முனைகின்றது. நிலையத் தலைவராகிய பெக்கரின் மகன் இருபதாண்டுச் சிறைவாழ்வு கழித்து மீள்கின்றான். தந்தையும் மகனும் எதிர்நின்று பேசும் காட்சியில், சொல்லை விடச் சொல்லாது விட்டதே மிகுதி. மணியடிக்கும் தொலைபேசியை எடுத்து ஊர்திக்கு இடம் குறித்துக்கொள்ளும் ஓயாத் தொழில் அப்பெருந்துயரின் ஊடே இழையோடுகின்றது. வில்சனின் பிற்கால நாடகங்களில் காணும் நெடும்பேச்சு இதன்கண் குறைவு. எம் மதிப்பில் அதுவே இந்நாடகத்தின் ஆற்றல்.

இந்நாடகம் 1982இல் பிட்ஸ்பர்க்கில் ஆடப்பட்டது. பின்னர் ஆசிரியர் அதனைத் திருத்தி விரித்தார். 2000ஆம் ஆண்டில் நியூயார்க்கில், பிராட்வே அல்லாத அரங்கில் ஆடப்பட்டபோது, அந்நகரத் திறனாய்வாளர் கழகம் அதனையே அவ்வாண்டின் சிறந்த நாடகமாகத் தேர்ந்தது. இலண்டனில் 2002இல் அதற்குச் 'சிறந்த புதிய நாடகம்' என்னும் ஒலிவியே விருது கிடைத்தது. வில்சன் 2005இல் மறைந்தார். அவருடைய பத்து நாடகங்களுள் பிராட்வே மேடை ஏறாது எஞ்சியிருந்தது இஃது ஒன்றே; 2017இல் இதுவும் ஏறியது. டோனி விருதும் பெற்றது. என்ன விருது? சிறந்த மீட்டரங்கேற்றம்!

விதிக்கு முரணாக யாரும் நடந்திலர். அரங்க வழக்கில் முன்பே ஊன்றிவிட்டதாகக் கருதப்படும் நாடகம், பிராட்வேக்கு முதன்முறை வரினும் பழையதாகக் கொள்ளப்படும் என்பது விதி. 1968இல் சிற்றரங்கில் ஆடப்பட்டு 2018இல் பிராட்வே வந்த 'தி பாய்ஸ் இன் தி பேண்ட்' 2019இல் பெற்றதும், 1998இல் சிற்றரங்கில் தோன்றிய 'ஹெட்விக் அண்ட் தி ஆங்ரி இஞ்ச்' 2014இல் பெற்றதும் மீட்டரங்கேற்றப் பரிசுகளே. விதியின் உட்பொருளைச் சற்று எண்ணுக. சிற்றரங்கில் நிகழ்ந்தது பரிசுக்குரிய அரங்கேற்றம் ஆகாது; ஆயின் அதே சிற்றரங்கு நாடகத்தைப் பழமைப்படுத்தும் வலிமை மட்டும் உடையது. சிற்றரங்குக்குக் கொடுக்கும் ஆற்றல் இல்லை; பறிக்கும் ஆற்றல் உண்டு. 'ஜிட்னி' புதியதாய் இருந்த நாளில் அதற்கு உரிமை இல்லை. உரிமை வந்த நாளில் அது புதியதாய் இல்லை.

இதனால் நேர்ந்தது யாது? நாடக ஆசிரியர் என்னும் நிலையில் வில்சனுக்குக் கிடைத்த டோனி விருது 1987இல் 'ஃபென்சஸ்' என்னும் நாடகத்திற்காக ஒன்றே. விருதுப் பட்டியலைக் கொண்டு வில்சனை எழுதப் புகும் ஆய்வாளர், 'ஃபென்சஸ்' ஒன்றனை மேலே வைத்து, 'ஜிட்னி'யை மறுபடி ஆடப்பட்ட பழைய ஆட்டம் என ஒதுக்குவர். நூலின் தகுதியைப் பற்றி யாரும் கூறாத ஒரு தீர்ப்பு, அரங்கின் இருக்கைக் கணக்கிலிருந்து பிறந்து, ஆய்வேட்டில் இலக்கியத் தீர்ப்பாக ஏறிவிடும். கறுப்பின ஆசிரியரின் படைப்புகள் பலவும் பெருநகர்ப் பேரரங்குகளை எட்டு முன்னர் வட்டார அரங்குகளிலும் சிற்றரங்குகளிலும் நெடுங்காலம் ஆடப்பட வேண்டியிருந்த நாட்டில், இத்தகைய விதியின் சுமை எல்லார் தோள்மேலும் ஒப்ப விழுவதன்று. வட்டார அரங்குகளுக்கு 1976 முதல் ஆண்டுக்கு ஒரு சிறப்பு விருது வழங்கி வருகின்றனர். வாஷிங்டன் நகரின் அரீனா ஸ்டேஜ் முதலில் பெற்றது. அஃது அரங்கைப் போற்றுமேயன்றி, ஆங்குத் தோன்றிய நூலைப் போட்டிக்கு அழைத்துக்கொள்ளாது.

வாக்களிப்போர்

வாக்களிப்போர் 800க்கு மேற்பட்டவர். நடிகர், இயக்குநர், அமைப்பாளர் முதலிய தொழிற்சங்கத்தாரும், தயாரிப்பாளரும், அரங்க உடையாரும், வெளியூர்களில் நாடகத்தை வரவழைத்து நடத்துவோரும் அவருள் அடங்குவர். செய்தித்தாள் திறனாய்வாளர் 2009இல் நீக்கப்பட்டனர். அடுத்த ஆண்டே திறனாய்வாளர் கழகத்தார்க்கு மட்டும் உரிமை மீண்டது. விருப்பு வெறுப்பின்றிக் காண்போரை நீக்கி, ஊதியமோ முதலோ உடையாரை வைத்துக்கொண்டது எதற்கு என்று அப்போது எழுந்த வினா நேரியதே.

தொழிலறிந்தோர் தீர்ப்புக்கு ஒரு பெருமை உண்டு என்பதை மறுக்கவில்லை. ஆனால் தொழிலறிவும் எல்லாத் தொழிலுக்கும் ஒப்ப நீள்வதன்று. ஒலியமைப்புக்கு 2008இல் பரிசு வகுத்தனர். 2014 விழாவுக்குப் பின் நீக்கினர். வாக்காளர் பலர்க்கு ஒலியமைப்பை மதிப்பிடத் தெரியவில்லை என்பது அதற்குக் கூறப்பட்ட காரணங்களுள் ஒன்று. ஒலியமைப்பாளர் எதிர்ப்புக்குப்பின் 2018இல் பரிசு மீண்டது. நன்றாக அமைந்த ஒலி காதுக்குத் தனியே தோன்றாது. தோன்றாமையே அதன் சிறப்பு. யாழையும் குழலையும் தண்ணுமையையும் ஒன்றையொன்று மிகாமல் இசைவிக்கும் திறனைத் தனித்திறனாகவே எண்ணிய அரங்கேற்று காதையை ஓதியவர்க்கு, இப்பரிசை நீக்கியது வியப்பாகவே தோன்றும்.

வெளியூர் நடத்துவோரின் வாக்கு, பயணத்திற்கு ஏற்ற இசைநாடகத்தின்பால் சாயும் என்பது நெடுநாளைய பேச்சு. 2004இல் 'அவென்யூ க்யூ' என்னும் சிறிய இசைநாடகம், பேரளவான 'விக்கெட்'டை வென்றது. கதையுரை, இசை, முழுநாடகம் ஆகிய மூன்று பரிசும் அதற்கே. வென்ற பின்னர் அது நாடெங்கும் பயணம் செய்வதைக் கைவிட்டு லாஸ் வேகாஸ் நகரில் ஆடப் போவதாக அறிவிக்கவே, வாக்களித்த நடத்துவோர் மனம் நொந்தனர். நொந்ததே சான்று: அவர் வாக்கின் ஒரு பகுதி எதிர்பார்ப்பு என்பது அதனால் தெளிவாகும். ஆயினும் அவ்வாண்டின் தீர்ப்பு இழுக்கன்று என்பது எம் கருத்து. 'விக்கெட்' இன்றளவும் நீடித்து ஆடப்படுவதைக் காட்டி 2004இன் வாக்காளரைப் பழிப்பது, வருவாயை மதிப்பெண்ணாகக் கொள்வதே ஆகும்.

காலம் தீர்ப்பை மாற்றும் என்பதற்கு 'சிகாகோ' பெருஞ்சான்று. 1976இல் 'எ கோரஸ் லைன்' ஒன்பது பரிசுகளைக் கொண்டது. எதிர்நின்ற 'சிகாகோ' ஒன்றும் பெறவில்லை. 1996இல் மீட்டரங்கேற்றப்பட்ட 'சிகாகோ' 1997இல் ஆறு பரிசுகள் பெற்றது. 2025ஆம் ஆண்டிலும் அது ஆடப்பட்டு வந்தது. நூல் ஒன்றே, பாட்டும் ஒன்றே. ஸ்டீவன் சோந்தைமின் 'மெரிலி வி ரோல் அலாங்' 1981இல் 16 ஆட்டங்களோடு நின்றது. 2024இல் சிறந்த மீட்டரங்கேற்றம் ஆயிற்று. ஏதென்ஸ் நகர நாடகப் போட்டிகளின் வரலாற்றைக் கற்றார்க்கு இதில் வியப்பில்லை. யூரிபிடீஸின் 'மெடியா' கி.மு. 431இல் மூன்றாம் இடமே பெற்றது; 'ஈடிப்பஸ் மன்னன்' பிலோக்ளீஸ் என்பாரிடம் தோற்றதாகக் குறிப்பு உண்டு. வென்ற அவர் நாடகங்களோ இன்று இல. அக்குறிப்புகளைக் கிரேக்க நாடக ஆய்வாளர் எறிந்துவிடவும் இல்லை, தீர்ப்பாகக் கொள்ளவும் இல்லை. அன்றைய அவையின் சுவை இன்னது என்பதற்குச் சான்றாகவே கொண்டனர். டோனிப் பட்டியலையும் நாம் அங்ஙனமே கொள்ளல் தகும்.

விழாவினைப் பற்றியும் ஒன்று கூறவேண்டும். தொலைக்காட்சிக்கென அமைந்த விழாவில் இசைநாடகத்தின் ஒரு பாட்டை எடுத்து ஆடிக் காட்டலாம். அது தன்னளவில் நிறைவுடையதாய் நிற்கும். உரைநாடகத்தின் ஒரு காட்சியை அங்ஙனம் துண்டித்துக் காட்டின் அது உயிரிழக்கும். ஆகவே விழாவில் உரைநாடகம் சில சொற்களால் குறிக்கப்பட்டு விலகிப்போகின்றது. அரங்க அமைப்பு, ஒளியமைப்பு போன்ற பரிசுகள் பல, முதன்மை ஒளிபரப்புக்கு முன்னரே வழங்கி முடிக்கப்படுவதும் உண்டு. 2023இல் திரைப்பட, தொலைக்காட்சி எழுத்தாளர் வேலைநிறுத்தம் நிகழ்ந்தபோது, எழுதிய உரை ஏதும் இன்றி விழா நடத்துவது என்னும் உடன்பாட்டின்பேரில் அவ்வாண்டு விழா நடந்தது. நாடக ஆசிரியர்க்குப் பரிசு வழங்கும் மேடையில் எழுத்து இல்லாமலும் விழா குறைவின்றி நடந்தேறியது. நூலுக்கும் இவ்விருதுக்கும் உள்ள தொலைவை யாம் பல பக்கங்களில் எழுதியதினும் அவ்வொரு மாலை தெளிவாகக் காட்டிற்று.

இவ்விருதின் பிரிவுகளைக் கற்க விழையும் மாணாக்கர் வென்றோர் அட்டவணையோடு நில்லாது, ஆட்டத்தையே காண வழி உண்டு. நியூயார்க் பொது நூலகம், மேடையில் ஆடப்படும்போதே நாடகங்களைப் படம்பிடித்துக் காக்கும் காப்பகம் ஒன்றனை 1970இல் தொடங்கியது. 'காண்டாக்ட்' ஆடப்பட்ட அதே லிங்கன் மையத்தில் அது இருக்கின்றது. பெட்டி கார்வின் அம்மையார் உருவாக்கிய அக்காப்பகத்திற்கு 2001இல் டோனி விருதுக் குழுவினரே சிறப்பு அளித்தனர். அதன் படங்கள் விற்பனைக்கு உரியன அல்ல. ஆய்வாளர் நேரிற் சென்று, ஆங்கு அமர்ந்தே காணுதல் வேண்டும்.